16-இல் 50 சிசி லைசன்ஸா, 18 வரை பொறுப்பதா?

பிளஸ் ஒன் சேர்ந்ததும் பல வீடுகளில் எழும் கேள்வி இது.

எதை ஓட்டலாம்: 16 என்றால் 50 சிசிக்கு மிகாத, கியர் இல்லாத வண்டி மட்டும். 18 என்றால் எந்த பைக்கும், காரும்.

இங்கேதான் பலரும் ஏமாறுகிறார்கள். ஆக்டிவா, எக்ஸ்எல் 100 இரண்டுமே 50 சிசிக்கு மேல். கியர் இல்லாவிட்டாலும் இவற்றுக்குப் பதினாறு வயது லைசன்ஸ் செல்லாது.

நடைமுறை: இரண்டுக்கும் முதலில் எல்எல்ஆர் (பழகுநர் உரிமம்), ஆறு மாதம் செல்லும். 30 நாள் கழித்து ஆர்டிஓவில் எட்டு போட வேண்டும். 18-க்குக் கீழ் பெற்றோரின் எழுத்துபூர்வச் சம்மதமும் தேவை. பின்னால் கியர் வண்டி சேர்க்க மறுபடி எல்எல்ஆர், மறுபடி டெஸ்ட்.

மாட்டினால்: 18 ஆனவருக்குப் பொறுப்பு அவருடையது. சிறுவர் தகுதியில்லாத வண்டியை ஓட்டிக் குற்றம் நடந்தால், மோட்டார் வாகனச் சட்டப் பிரிவு 199ஏ-படி பெற்றோர் அல்லது வண்டி உரிமையாளருக்கு 3 ஆண்டு வரை சிறை, 25,000 ரூபாய் அபராதம். வண்டிப் பதிவு 12 மாதம் ரத்து. பிள்ளைக்கு 25 வயது வரை லைசன்ஸ் கிடையாது. வேலைக்குப் போகும் வயதில் இது எவ்வளவு பெரிய இழப்பு!

வீட்டில் உண்மையிலேயே 50 சிசி வண்டி இருந்தால் மட்டும் 16-இல் எடுங்கள். டியூஷன் போக வேண்டுமானால், 250 வாட்டுக்குக் குறைந்த, 25 கிமீ வேகம் தாண்டாத மின்ஸ்கூட்டருக்கு லைசன்ஸே வேண்டாம். மற்றவர்கள் 18 வரை பொறுப்பதே நல்லது.