மிகப் பெரிய பாம்பு: அனகோண்டாவா, வலை மலைப்பாம்பா?

ஒரு கண்காட்சிக்காக வினாடி வினா அட்டைகள் தயாரிக்கும் வேலை என்னிடம் வந்தது. "உலகில் இன்று வாழும் மிகப் பெரிய பாம்பு எது?" என்ற அட்டையின் பின்பக்கத்தில் ஒரே ஒரு பெயருக்குத்தான் இடம். பச்சை அனகோண்டா, ரெட்டிகுலேட்டட் மலைப்பாம்பு ஆகிய இரண்டில் ஒன்றை எழுதியாக வேண்டும். நான் இரண்டாவதை எழுதினேன். அதன் தோலில் வலை விரித்தாற்போல் கோலம் இருப்பதால் இனி வலை மலைப்பாம்பு என்றே குறிப்பிடுகிறேன். அனகோண்டாவுக்குத்தான் ரசிகர்கள் அதிகம் என்பது தெரியும். அதனாலேயே என் காரணத்தைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டியிருக்கிறது.

முதலில் போட்டியில் இல்லாதவை. கொலம்பியாவின் டைட்டனோபோவாவும், கட்ச் பகுதியில் கிடைத்து 2024இல் பெயர் சூட்டப்பட்ட வாசுகி இண்டிகஸும் புதைபடிவங்கள். கேள்வி உயிரோடு இருப்பவற்றைப் பற்றியது. நச்சுப் பாம்புகளில் நீளமானது ராஜநாகம், ஆனால் பருமனில் இந்தக் கூட்டத்தோடு அது நிற்காது. ஆப்பிரிக்கப் பாறை மலைப்பாம்பு, நம் இந்திய மலைப்பாம்பு, ஆஸ்திரேலியாவிலும் நியூ கினியிலும் வாழும் அமெதிஸ்டைன் மலைப்பாம்பு எல்லாம் பெரியவைதான், முதலிடத்துக்கு வரா. பர்மிய மலைப்பாம்பை மட்டும் ஓரமாக நிறுத்தி வைக்கிறேன். அதற்கு இந்தக் கதையில் வேலை இருக்கிறது.

நீளத்தில் வலை மலைப்பாம்பு, எடையில் அனகோண்டா என்பது எல்லாப் பொது அறிவுப் புத்தகங்களும் சொல்லும் விடை. தவறில்லை. ஆனால் "எவ்வளவு?" என்று அடுத்த கேள்வியைக் கேட்டுப் பாருங்கள். அந்த இடத்தில்தான் புத்தகங்கள் தடுமாறுகின்றன. பெரிய பாம்பு பற்றிய வாதங்களில் நான் முதலில் பார்ப்பது ஒன்றே ஒன்றைத்தான்: யார், எதை, எப்படி அளந்தார்கள்?

உயிருள்ள பாம்பை நீட்டிப் படுக்க வைப்பது நினைப்பதுபோல் எளிதல்ல. ஐந்து மீட்டர் நீளத் தசை எந்நேரமும் சுருங்கிக்கொண்டும் வளைந்துகொண்டும் இருக்கும். இழுத்துப் பிடித்து அளந்தால் பாம்புக்குக் காயம்படும், பிடிக்காமல் அளந்தால் கணக்கு தப்பும். அதனால்தான் ஆய்வாளர்கள் முதுகின் நடுக்கோட்டில் நூலை ஓட்டி அந்த நூலை அளக்கிறார்கள், அல்லது மயக்க மருந்து கொடுக்கிறார்கள். காட்டில் படகிலிருந்து பார்த்தவர், துப்பாக்கியோடு ஓடியவர் யாரும் இதையெல்லாம் செய்திருக்க வாய்ப்பில்லை. 1907இல் 62 அடி அனகோண்டாவைச் சுட்டதாக எழுதிய பிரிட்டிஷ் நாடுகாண் பயணி பெர்சி ஃபாசெட்டும் செய்யவில்லை. 1944இல் வெளியான இன்னொரு குறிப்பு இன்னும் சுவையானது: கொலம்பியாவில் எண்ணெய் தேடிப் போன குழு ஓர் அனகோண்டாவைச் சுட்டது, சுமார் 11.4 மீட்டர் என்று அளந்தது, பிறகு திரும்பி வந்து பார்த்தால் செத்ததாக நினைத்த பாம்பு எழுந்து போய்விட்டதாம். ஆதாரமே தண்ணீருக்குள் போய்விட்ட இந்தக் கணக்கைப் பல ஆண்டுகள் நூல்கள் மேற்கோள் காட்டின.

தோலை வைத்து அளப்பது அதைவிட மோசம். உரித்த தோல் நன்றாக இழுபடும். உரிப்பவர் வேண்டுமென்றே இழுக்கவும் தேவையில்லை. இதற்கு ஒரு வலை மலைப்பாம்பே சாட்சி. பிட்ஸ்பர்க் விலங்குக் காட்சியகத்தில் கொலோசஸ் என்ற பெயரில் இருந்த பாம்பு 28 அடிக்கு மேல், அதாவது 8.7 மீட்டர் என்று புகழ்பெற்றது. 1963இல் அது இறந்தபின் அருங்காட்சியகத்தில் பதிவான உடல் நீளம் 6.35 மீட்டர். அதே பாம்பின் காய்ந்த தோலோ 7.29 மீட்டர்! உடலைவிடத் தோல் ஏறத்தாழ ஒரு மீட்டர் கூடுதல். அப்படியிருக்க, சுவரில் தொங்கும் தோலைக் காட்டி ஒன்பது மீட்டர் என்பவரிடம் என்ன பேசுவது?

என் கட்சிப் பாம்பின் பெயரிலும் புளுகு உண்டு என்பதை மறைக்க விரும்பவில்லை. 2003இன் இறுதியில் ஜாவாவில் ஒரு பூங்கா, தன்னிடமுள்ள வலை மலைப்பாம்பு 14.85 மீட்டர், 447 கிலோ என்று அறிவித்தது. உலகமே எழுதியது. ஒரு செய்தியாளர் அளவு நாடாவோடு போனார். ஆறரைக்கும் ஏழுக்கும் இடையில்தான் தேறியது. சுலவேசியில் 1912இல் பத்து மீட்டர் பாம்பு கொல்லப்பட்டதாகப் பழைய நூல்களில் வரும் வரிக்கும் எலும்போ தோலோ சான்றாக இல்லை.

பரிசு வைத்தும் பார்த்தார்கள். முப்பது அடிக்கு மேற்பட்ட உயிருள்ள பாம்பைக் கொண்டுவருபவருக்குத் தியோடர் ரூஸ்வெல்ட் காலத்தில் 1,000 டாலர் என்று தொடங்கி, நியூயார்க் விலங்கியல் சங்கத்தின் பெயரில் அது 50,000 டாலர் வரை உயர்ந்தது. பல பத்தாண்டுகளாகியும் ஒருவர்கூட வாங்கவில்லை. ஒன்பது மீட்டருக்கு மேல் சொல்லப்படும் எந்த எண்ணையும் நான் எடுத்துக்கொள்ளாததற்கு இந்தப் பரிசுத் தொகையே போதுமான காரணம்.

இப்படிச் சலித்த பிறகு யார் மிஞ்சுகிறார்கள் என்று பார்த்தால் வலை மலைப்பாம்பு திடமாக நிற்கிறது. கிழக்குக் கலிமந்தானில் பாலிக்பாப்பான் அருகே பிடிபட்ட ஒன்று மயக்க மருந்து கொடுத்து அளக்கப்பட்டது: 6.95 மீட்டர். ஆய்வுக்காக ரேடியோ பட்டை கட்டியிருந்த சூரியக் கரடி ஒன்றை விழுங்கியதால்தான் அந்தப் பாம்பு ஆய்வாளர்களின் கண்ணில் பட்டது. கரடியைத் தேடிப் போனவர்களுக்குச் சமிக்ஞை பாம்பின் வயிற்றிலிருந்து வந்தது. தெற்குச் சுமத்ராவில் தோல் வணிகத்துக்காகக் கொல்லப்பட்ட ஆயிரத்துக்கும் மேற்பட்ட காட்டுப் பாம்புகளை ஆய்வாளர்கள் பார்த்தபோது அவற்றில் பெரியவை ஆறரை மீட்டர் வரை இருந்தன. வளர்ப்பில், அமெரிக்காவின் கன்சாஸ் சிட்டியில் இருந்த மெதூசா 2011இல் 7.67 மீட்டர் என்று கின்னஸ் பதிவில் ஏறியது, எடை 158.8 கிலோ. ஊட்டி வளர்த்த உடம்பு என்பதால் அந்த எடையைக் காட்டுப் பாம்போடு ஒப்பிட மாட்டேன். நீளத்தை ஒப்பிடலாம்.

அனகோண்டாவிடம் வருவோம். அதை ஆண்டுக்கணக்காக ஆராய்ந்தவர் ஹெசுஸ் ரிவாஸ். வெனிசுவேலாவின் லானோஸ் சதுப்பு வெளிகளில் வெறுங்காலோடு நடந்து, காலில் தட்டுப்படும் பாம்பைப் பிடிப்பது அவர் குழுவின் வழக்கம். ஏறத்தாழ 780 அனகோண்டாக்களை அளந்ததில் ஆகப் பெரியது 5.2 மீட்டர், 97.5 கிலோ. இந்த எண்ணைப் பார்த்தபோதுதான் என் கை வலை மலைப்பாம்பின் பக்கம் திரும்பியது. இவ்வளவு பாம்புகளுக்குப் பிறகும் ஆறு மீட்டர் தொடவில்லை. 200, 250 கிலோ என்று எழுதப்படுவதில் பாதிகூட வரவில்லை.

அனகோண்டாவுக்கு உரிய பெருமையையும் சொல்ல வேண்டும். நீளத்துக்கு நீளம் வைத்தால் எடையில் அதுதான் ராணி. ராணி என்றது தெரிந்தேதான். பெண்ணின் எடை சராசரியாக ஆணின் எடையைப்போல் ஏறத்தாழ ஐந்து மடங்கு இருக்கும். உடல் பாரத்தைத் தண்ணீர் தாங்குவதால் அவ்வளவு பருமன் சாத்தியமாகிறது. லானோஸில் அளந்ததை வைத்து அமேசான் முழுவதையும் முடிவு கட்டிவிட முடியாது என்ற வாதத்திலும் நியாயம் உண்டு. ஆளே நுழையாத சதுப்புகள் அங்கே ஏராளம். ஈக்வடாரின் வாவ்ரானி மக்களின் நிலத்தில் 6.3 மீட்டர் பாம்பு ஒன்றைப் பார்த்ததாக 2024இல் ஓர் ஆய்வுக் குழு தெரிவித்தது. வடபகுதி அனகோண்டாவைத் தனி இனமாகப் பிரிக்க வேண்டும் என்றும் அதே குழு வாதிட்டது. அந்தப் பெயரிடலை ஏற்காத ஆய்வாளர்களும் இருக்கிறார்கள். நாளை ஒருவர் ஏழு மீட்டர் அனகோண்டாவை நூல் போட்டு அளந்து காட்டினால் அட்டையை மாற்றி எழுதுவேன்.

எடையை அளவுகோலாக்க நான் தயங்குவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. பாம்பின் எடை நிலையானதல்ல. நேற்று மான் விழுங்கியதும் இன்று பட்டினி கிடப்பதும் ஒரே பாம்பாக இருந்தாலும் தராசில் வேறு வேறு. அந்தக் கலிமந்தான் பாம்பு மூன்று மாதம் போல எதுவும் தின்னாத நிலையில் 59 கிலோதான் இருந்தது. கருவுற்ற பெண்ணின் எடையில் ஒரு பங்கு அதன் முட்டைகளுடையது. ஓரமாக நிறுத்தி வைத்த பர்மிய மலைப்பாம்பு இங்கே வருகிறது. ஃபுளோரிடாவின் காடுகளில் மனிதர்கள் விட்டுப் பெருகிய இனம் அது. 2021 டிசம்பரில் பிடித்து, 2022இல் அறிவிக்கப்பட்ட பெண் பாம்பு ஒன்று ஏறத்தாழ 98 கிலோ, வயிற்றில் 122 முட்டைகள் வளர்ந்துகொண்டிருந்தன. ரிவாஸின் ஆகப் பெரிய அனகோண்டாவுக்குச் சமமான எடை, நீளம் 5.4 மீட்டர். வளர்ப்பில் இருந்த 'பேபி' என்ற பர்மிய மலைப்பாம்பு 183 கிலோ. ஆக, தராசை மட்டும் நம்பினால் கிரீடத்தை அனகோண்டாவிடமிருந்து பறிக்கப் பர்மிய மலைப்பாம்பே போதும். நாடாவை நம்பினால் அப்படிக் குழப்பமில்லை. வலை மலைப்பாம்பின் அருகில்கூட யாரும் இல்லை.

மனிதனை விழுங்குமா என்று கேட்பவர்களுக்காக ஒரு வரி. சுலவேசியில் 2017இல் வளர்ந்த மனிதர் ஒருவரை விழுங்கியது வலை மலைப்பாம்புதான். பிலிப்பைன்ஸின் ஆக்டா பழங்குடி ஆண்களில் கால்வாசிப் பேர் இந்தப் பாம்பின் தாக்குதலுக்கு உள்ளாகித் தப்பியதாகத் தாமஸ் ஹெட்லாண்டும் ஹாரி கிரீனும் 2011இல் எழுதினார்கள். அளவுப் போட்டிக்கு இதை நான் சேர்க்கவில்லை.

அட்டையில் கடைசியாக நின்ற வாசகம் இது: "ரெட்டிகுலேட்டட் மலைப்பாம்பு, காட்டில் முறையாக அளந்தது 6.95 மீட்டர், வளர்ப்பில் 7.67 மீட்டர்." எடை என்று சொல்லி அனகோண்டாவை எழுதும் குழந்தைக்கும் மதிப்பெண் கொடுக்கச் சொல்லியிருக்கிறேன், 250 கிலோ என்று சேர்த்து எழுதாதவரை.