சிஎன்சியில் சர்க்யூட் போர்டு செதுக்க எந்த மென்பொருள்? மூன்று வருட அனுபவம்

போர்டை வரைய முதல் நாளிலிருந்து கீகேட்தான். அதை மாற்றும் எண்ணமே வரவில்லை. அதிலிருந்து எடுத்த கெர்பர் கோப்பை (போர்டின் வரைபடக் கோப்பு) ஜி-கோடாக (மெஷின் எப்படி நகர வேண்டும் என்ற கட்டளைகள்) மாற்ற எது, கணினி ஓட்டும் அந்த சிஎன்சி மெஷினுக்கு அனுப்ப எது என்பதில்தான் அலைந்தேன்.

செப்பு ஒட்டிய தகட்டில், மின்சாரம் ஓடும் தடங்களைச் சுற்றியுள்ள செப்பைச் செதுக்கி எடுப்பதுதான் வேலை. முதல் ஆறு மாதம் ஒரே தொல்லை. போர்டின் இடது பக்கம் சுத்தமாக வெட்டியிருக்கும், வலது பக்கம் செப்பு அப்படியே இருக்கும். மென்பொருள்மேல் சந்தேகப்பட்டு ஒவ்வொன்றாக மாற்றினேன். கோளாறு தகட்டில் இருந்தது. செப்புப் படலம் வழக்கமாக 35 மைக்ரான்தான். தகடு லேசாக வளைந்திருந்தாலே பிட் (வெட்டும் முனை) அதைத் தொடாமல் போய்விடும். சரி, ஆழத்தைக் கூட்டலாம் என்றால், நுனி கூராகவும் மேலே போகப் போக அகலமாகவும் இருக்கும் வி-பிட் இடம் கொடுக்காது. நுனி 0.1 மி.மீ., கோணம் 30 டிகிரி என்றால், 0.1 மி.மீ. ஆழத்தில் வெட்டின் அகலம் சுமார் 0.15. ஆழம் 0.3 ஆனால் அதுவே 0.26. மெல்லிய தடமெல்லாம் கரைந்துவிடும்.

அதனால் அனுப்பும் மென்பொருளில் உயர வரைபடம் எடுக்கும் வசதி இருக்கிறதா என்றுதான் முதலில் பார்ப்பேன். கேண்டில், பிசிஎன்சி இரண்டிலும் இருக்கிறது. மெஷினிலிருந்து வரும் இரண்டு கம்பிகளில் ஒன்றின் கிளிப் செப்பில், இன்னொன்றினது பிட்டில். பிட் கட்டம் கட்டமாக இறங்கித் தொட்டுப் பார்க்கும். அந்த மேடு பள்ளத்துக்கு ஏற்ப ஜி-கோடின் ஆழம் திருத்தப்படும். இதைப் பழகிய பிறகு பாதியில் தூக்கிப் போட்ட போர்டுகள் வெகுவாகக் குறைந்தன.

ஜி-கோடு உருவாக்க ஃபிளாட்கேம் பிடித்துப்போனது. பிட் போகும் பாதை திரையில் அப்படியே தெரிகிறது. ஆனால் இரண்டு தடங்களுக்கு நடுவே உள்ள இடைவெளி பிட்டின் அகலத்தைவிடக் குறைவாக இருந்தால் அங்கே பாதையே வராது. ஒரு முறை கவனிக்காமல் வெட்டி, மீட்டர் வைத்தபோதுதான் இரண்டு பின்கள் ஒட்டியிருப்பது தெரிந்தது. இப்போது கீகேட்டிலேயே குறைந்தபட்ச இடைவெளியை 0.25 மி.மீ. என்று வைத்துவிடுகிறேன்.

ஒரே போர்டைத் திருத்தித் திருத்தி வெட்டும்போது மட்டும் ஃபிளாட்கேமுக்குப் பதில் பிசிபி2ஜிகோடு. அது கட்டளை வரியில், அதாவது கட்டளையைத் தட்டச்சு செய்து ஓட்டுவது. அளவுகளை ஒரு கோப்பில் எழுதி வைத்துவிட்டால் அடுத்த முறை ஒரே கட்டளைதான். அப்புறம், தகட்டைத் திருப்பிப் போட்டு வெட்டும் பின்பக்கத்தை அதுவே கண்ணாடிப் பிம்பமாகத் திருப்பிக்கொள்ளும். ஃபிளாட்கேமில் அதை நாம்தான் மறக்காமல் செய்ய வேண்டும்.