ஊசுடு ஏரிக்கு எந்தப் புத்தகம்?

புதுச்சேரிக்காரர் ஒருவர் ஊசுடு ஏரிக்குக் கிளம்புகிறார். பையில் ஒரு புத்தகத்துக்குத்தான் இடம். பறவையியலாளர் சாலிம் அலியா, பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியாரா?

சாலிம் அலியின் இந்தியப் பறவைகள் நூல் முதலில் வந்தது 1941இல். கறுப்பு உடல், வெள்ளை அலகு என்று படத்தோடு ஒப்பிட்டு, 'அட, நாமக்கோழி!' என்று கரையிலேயே கண்டுபிடித்துவிடலாம். ஆனால் வீட்டில் உட்கார்ந்து தொடர்ந்து படிக்க முடியாது. அகராதியை யார் முதலிலிருந்து வாசிப்பார்கள்?

செட்டியார் வேறு ரகம். காந்தி பற்றிய ஆவணப்படத்துக்காக நாடு நாடாக அலைந்தவர். எளிய நடை, அலட்டாத நகைச்சுவை. எடுத்தால் கீழே வைக்க மனம் வராது. என்ன, எதிரே நீந்தும் பறவைக்குப் பெயர் சொல்லமாட்டார்.

வலசைப் பறவைகள் வரும் குளிர்காலத்தில் சாலிம் அலிதான். கடலூர் பேருந்தில் ஜன்னல் சீட் கிடைத்தால், செட்டியார்.