மாதத்துக்கு நாலு வாரம் என்று சொன்னால் நம்பாதீர்கள்: எனக்கு 160 மணி நேரச் சம்பளம் போனது

நேற்று ராத்திரி ஒரு வருடத்துச் சம்பளச் சீட்டுகளையும் எடுத்து வைத்துக் கூட்டிப் பார்த்தேன். 160 மணி நேரம். உழைத்தும் சம்பளம் வராத நேரம். ஆத்திரம் இன்னும் அடங்கவில்லை.

வேலைக்கு ஆள் அனுப்பும் ஒரு ஏஜென்சி மூலம் சேர்ந்தேன். ஒப்பந்தத்தில் வாரத்துக்கு 40 மணி நேரம், மணிக்கு இவ்வளவு, மாதம் ஒருமுறை சம்பளம் என்று இருந்தது. கையெழுத்துப் போடும்போது அங்கிருந்தவர் ஒரு துண்டுத் தாளில் எழுதிக் காட்டினார். "நாப்பதை நாலால் பெருக்கினால் 160. மாசா மாசம் இதுதான் வரும், குழப்பமே இல்லை." சின்னப் பிள்ளைக்குச் சொல்லித் தருவதுபோல அவ்வளவு பொறுமை. வேலை தேடி அலைந்து களைத்திருந்த எனக்கு அந்தப் பொறுமையே போதுமாக இருந்தது. சரி என்று போட்டுவிட்டேன்.

நாலு வாரம் என்றால் 28 நாள். லீப் வருடமில்லாத பிப்ரவரியைத் தவிர எந்த மாதம் 28 நாளில் முடிகிறது? வருடத்துக்கு 52 வாரம். பன்னிரண்டால் வகுத்தால் மாதத்துக்கு 4.33 வாரம், அதாவது 173 மணி நேரத்துக்கு மேல். மாதம் 13 மணிச் சொச்சம் குறைந்தால் கண்ணில் படாது. வருடத்துக்குப் பாருங்கள்: 2080 வர வேண்டிய இடத்தில் 1920. அவர்கள் கணக்குப்படியே ஒரு முழு மாதம் சும்மா உழைத்திருக்கிறேன். விடுப்புகூட சம்பளத்தோடு கூடியதுதான், அதைக் காரணம் காட்டவும் வழியில்லை.

போன மாதம் 23 வேலை நாள். பதிவேட்டில் 184 மணி நேரம், சீட்டில் 160. போன் செய்தேன். "சிஸ்டம் அப்படித்தான் போடும்" என்றார்கள். மீதி 24 மணி நேரத்தை ஓவர்டைமாகவாவது கொடுங்கள் என்றேன். "எந்த வாரமும் நீங்க 40-ஐத் தாண்டலையே, ஓவர்டைம் எப்படி வரும்?" வயிறு எரிந்தது. சம்பளம் கொடுக்கும்போது மாதக் கணக்கு, ஓவர்டைம் கேட்டால் வாரக் கணக்கு! எது தங்களுக்கு லாபமோ அது.

அப்புறம் கணக்குப் பிரிவைக் கேட்கச் சொன்னார்கள். கணக்குப் பிரிவு சேர்த்துவிட்டவரையே கேட்கச் சொன்னது. மெயிலுக்கு "பரிசீலனையில் உள்ளது" என்று ஒரு வரி. கடைசியில், "நீங்கதானே கையெழுத்துப் போட்டீங்க?" ஆமாம், வாரத்துக்கு 40 என்ற வரிக்குப் போட்டேன். 160 என்ற எண் ஒப்பந்தத்தில் எங்குமே இல்லை. அந்தத் துண்டுத் தாளில்தான் இருந்தது, அதையும் அவரே எடுத்து வைத்துக்கொண்டார்.

என்னென்ன பார்க்க வேண்டும் என்று விரிவாக எழுத நினைத்தேன், இப்போது முடியவில்லை. வார நேரத்தை 52-ஆல் பெருக்கி 12-ஆல் வகுங்கள், நாலால் பெருக்காதீர்கள். நாலு வாரத்துக்கு ஒருமுறை சம்பளம் என்றால் வருடத்துக்கு 13 முறை வர வேண்டும். வந்த நேரம், போன நேரத்தை நீங்களே எழுதி வையுங்கள். வாயால் சொன்னதை மெயிலில் கேட்டு வாங்குங்கள்.

நாளைக் காலை சீட்டுகளோடு தொழிலாளர் அலுவலகத்துக்குப் போகிறேன். 160 மணி நேரத்துக்கும் எனக்குச் சம்பளம் வர வேண்டும்.