அப்பாவோடு பார்த்த ஜகார்த்தா படம்

என் அப்பா முதுமலையில் உள்ள தெப்பக்காடு யானை முகாமில் காவடியாக இருந்து ஓய்வு பெற்றவர். காவடி என்றால் பாகனுக்குக் கூடமாட இருப்பவர். தழை வெட்டி வருவது, மாயாற்றில் யானையைப் படுக்கவைத்துத் தேய்ப்பது, சாயங்காலம் ராகிக் களியும் கொள்ளும் வெல்லமும் சேர்த்து உருட்டி வாயில் ஊட்டுவது எல்லாம் அவர் வேலை. அவரைப் பக்கத்தில் உட்காரவைத்துத்தான் மசினகுடி வீட்டில் இந்த இந்தோனேசியப் படத்தைப் பார்த்தேன். ஆங்கில சப்டைட்டிலைத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். கொஞ்ச நேரத்தில் "விடு பாப்பா, பார்த்தாலே புரியுது" என்றுவிட்டார்.

படம் 'போஸ்ட்கார்ட்ஸ் ஃப்ரம் தி ஸூ'. எட்வின் இயக்கியது. 2012 பெர்லின் திரைவிழாவில் போட்டிப் பிரிவில் இருந்த படம். சின்னக் குழந்தையாக ஜகார்த்தாவின் ரகுனான் விலங்குக்காட்சி சாலையில் அப்பாவால் கைவிடப்பட்ட லானா, அங்கேயே வளர்ந்து பெரியவளாகிறாள். அவளைப் போலப் போக்கிடம் இல்லாத சிலரும் அதே வளாகத்தில்தான் வாழ்கிறார்கள். ஒருநாள் கௌபாய் வேஷத்தில் ஒரு வித்தைக்காரன் வருகிறான். அவன் பின்னாலேயே நகரத்துக்குள் போகிறாள். வித்தை காட்டிக்கொண்டிருந்தவன் ஒருநாள் மறைந்தே போகிறான். அவள் ஒரு மசாஜ் விடுதியில் வேலைக்குச் சேர்கிறாள்.

லானாவுக்கு ஒரே ஒரு ஆசை, ஒட்டகச்சிவிங்கியின் வயிற்றைத் தொட்டுப் பார்க்க வேண்டும். கதை இவ்வளவு சின்ன ஆசையைப் பிடித்துக்கொண்டு போகிறதே என்று முதலில் எனக்குத் தோன்றியது. அப்பாவுக்கு அப்படித் தோன்றவில்லை. "அடிவயித்துல கைவைக்க விட்டுச்சுன்னா அது நம்மள ஏத்துக்கிச்சுன்னு அர்த்தம். அதுக்கே எனக்கு ரெண்டு வருஷம் ஆச்சு" என்றார். லானாவாக நடித்த லட்யா செரில் அந்த விலங்கின் பக்கத்தில் அவசரமே இல்லாமல் நிற்கிறார். அந்த நிதானத்தைத்தான் அப்பா மறுபடி மறுபடி பாராட்டினார்.

இதில் மாயமும் உண்டு, சமூகத்தைக் குத்தும் கேள்வியும் உண்டு. ஆனால் யாரும் வசனம் பேசிக் குத்துவதில்லை. காசு கொடுத்து விலங்குகளைப் பார்க்க வரும் கூட்டத்தை முதலில் காட்டுகிறார்கள். அப்புறம் காசு கொடுத்துப் பெண்களிடம் வரும் ஆண்களைக் காட்டுகிறார்கள். இரண்டையும் நம் மனசே சேர்த்துக்கொள்கிறது. எனக்கு நெஞ்சு அடைத்துவிட்டது.

நடுநடுவே காட்டுயிர்த் துறைச் சொற்களும் அவற்றின் விளக்கமும் திரையில் வருகின்றன: வாழிடத்துக்கு வெளியே வைத்துப் பாதுகாத்தல், இடமாற்றம், திரும்பக் கொண்டுபோய் விடுதல். எங்கள் ஊர்க்காரர்களுக்கு இவை புதிதில்லை. 2021-இல் ரிவால்டோ என்ற ஆண் யானையை எங்கள் பக்கத்து ஊரான வாழைத்தோட்டத்தில் மரக்கூண்டில் அடைத்து வைத்திருந்தார்கள். ஆகஸ்டில் சிக்கல்லா காட்டில் கொண்டுபோய் விட்டார்கள். சுமார் 40 கிலோமீட்டர் நடந்து மறுநாளே அது வாழைத்தோட்டத்துக்குத் திரும்பிவிட்டது. 'திரும்பக் கொண்டுபோய் விடுதல்' என்ற எழுத்து திரையில் வந்தபோது, நான் வாய் திறப்பதற்குள் அப்பா "ரிவால்டோ" என்றார்.

குறை சொல்ல வேண்டுமானால், மசாஜ் விடுதிப் பகுதி தேவைக்கு மேல் நீள்கிறது. நிகோலஸ் சபுத்ரா செய்திருக்கும் வித்தைக்காரன் யார், எங்கிருந்து வந்தான் என்று கடைசிவரை நமக்குப் பிடி கிடைப்பதில்லை. அவன் போனதற்கு லானா ஏங்கும் அளவுக்கு என்னால் ஏங்க முடியவில்லை. வேகமான படம் பார்த்துப் பழகியவர்களுக்குப் பொறுமை வேண்டும். சின்னப் பிள்ளைகளோடு பார்க்கிற படமும் இல்லை.

பார்க்கிறவர்கள் விளக்கை அணைத்துவிட்டு, சத்தத்தை நன்றாகக் கூட்டி வைத்துப் பாருங்கள். இருட்டில் விலங்குகளின் குரல் கேட்கிற இடங்கள் அப்போதுதான் முழுசாகக் கிடைக்கும். நாங்கள் பார்த்தபோது வெளியே மழை பெய்துகொண்டிருந்தது. எது படத்துக் குரல், எது எங்கள் காட்டுக் குரல் என்று அப்பா இரண்டு தடவை எழுந்துபோய் ஜன்னலில் காது வைத்துப் பார்த்தார்.