ஊட்டிக்குக் குன்னூர் வழியா, கோத்தகிரி வழியா?

மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டிக்குக் குன்னூர் வழியாகப் போனால் சுமார் 50 கிலோமீட்டர், 14 கொண்டை ஊசி வளைவுகள். கல்லாறு பாக்குத்தோப்பு நிழல் முடிந்ததும் ஏற்றம். பர்லியாறில் பாதி வண்டிகள் பழக்கடை முன்னால் நிற்கும். மங்குஸ்தான் சீசன் என்றால் நீங்களும் நிறுத்துங்கள். பழத்தை உள்ளங்கையில் வைத்து அழுத்தினால் வெள்ளைச் சுளை எட்டிப் பார்க்கும். அதற்குள் குரங்கும் எட்டிப் பார்த்துவிடும், கார் கண்ணாடியை ஏற்றி வையுங்கள். மலை ரயிலும் இந்தப் பக்கம்தான் ஏறுகிறது. ஒரே தொல்லை, லாரிக்குப் பின்னால் மாட்டினால் குன்னூர் வரை அதன் புகைதான்.

கோத்தகிரி வழி பத்துக் கிலோமீட்டர் போலக் கூடும். நெரிசல் குறைவு, வளைவுகளும் அவ்வளவு நெருக்கமில்லை. வாந்தி வரும் பிள்ளைகள் இருந்தால் இதுவே மேல். மேலே தேயிலைத் தோட்டங்கள், ஊட்டிக்கு முன்பே தொட்டபெட்டா சிகரம், 2,637 மீட்டர் உயரம்.

என்னைக் கேட்டால் குன்னூரில் ஏறி, கோத்தகிரியில் இறங்குவேன். கோடை சீசனில் போலீஸாரே இப்படித்தான் ஒருவழி ஆக்குகிறார்கள். இறங்கும்போது பிரேக்கையே நம்பாமல் இரண்டாவது கியரில் வாருங்கள். அப்புறம், நீலகிரிக்குள் வண்டி நுழைவதற்கான இ-பாஸை வீட்டிலேயே எடுத்துவிடுங்கள்.