வில்லா-லோபோஸின் பன்னிரண்டு எத்யூட்கள்: கிற்றார் மாணவர்களுக்கான நூல் மதிப்பீடு

மட்டக்களப்பில் தேவாலயப் பாடகர் குழுவிலும் பறங்கியர் திருமண வீட்டிலும் கிற்றார் ஒலிக்கிறது. ஆனால் பெரும்பாலும் பாட்டுக்குக் கோட் (ஒருங்கே ஒலிக்கும் ஸ்வரத்தொகுதி) பிடிக்கும் துணைக்கருவியாகவே ஒலிக்கிறது. அதனைத் தனிக்கருவியாகப் பயில விரும்புவோருக்கு, பிரேசில் இசையமைப்பாளர் எய்டர் வில்லா-லோபோஸ் (1887–1959) 1920களில் எழுதி, ஸ்பானியக் கிற்றார் கலைஞர் செகோவியாவுக்குக் காணிக்கையாக்கிய பன்னிரண்டு எத்யூட்களைச் (பயிற்சி உருப்படிகளை) சில நிபந்தனைகளுடன் பரிந்துரைக்கிறேன்.

இளமையில் ரியோ நகரின் ஷோரோ எனும் பிரேசில் வாத்திய இசைக் கலைஞர்களோடு கிற்றார் வாசித்தவர் என்பதால், இவரது இசை கருவியின் அமைப்பிலிருந்தே பிறக்கிறது. முதல் எத்யூட்டில் வலது கை ஏறத்தாழ இறுதிவரை ஒரே ஆர்பெஜியோ (கோட்டின் ஸ்வரங்களை ஒவ்வொன்றாக ஒலிப்பது) வரிசையை மீட்டுகிறது. நடுப்பகுதியில் இடது கை தன் விரல் வடிவத்தைக் கலைக்காமல் ஒவ்வொரு ஃபிரெட்டாக (கழுத்திலுள்ள குறுக்குக் கட்டை) இறங்கிவர, விரல் அழுத்தாத திறந்த கம்பிகள் மாறாமல் ஒலிப்பதால், அதே ஸ்வரம் ஒவ்வொரு அடியிலும் புதிய உறவில் கேட்கிறது. தம்பூராச் சுருதியோடு பாடிப் பழகிய கர்நாடக சங்கீத மாணவர்களுக்கு இது விரைவில் பிடிபடும். ஒவ்வொரு பாரும் (தாளப் பகுதியும்) இருமுறை வருவதால், முதல் தடவை விரலைக் கவனித்து, மறுதடவை ஒலியைக் கவனிக்கலாம். விரலுக்கும் காதுக்கும் ஒருங்கே பயிற்சி தருவதே இத்தொகுப்பின் பெருஞ்சிறப்பு.

மூன்றாவது எத்யூட் இடது கை விரல்களாலேயே ஸ்வரங்களைத் தொடுத்து ஒலிக்கும் லிகாடோவுக்கும், நான்காவது திரும்பத் திரும்ப மீட்டும் கோட்களுக்கும், ஏழாவது விரைவான ஸ்கேல்களுக்கும் (ஸ்வர வரிசைகளுக்கும்) உரியவை. ஆறாவது எனக்குச் சற்று வறட்சியாகவே படுகிறது. பதினோராவதிலோ ஒரே ஸ்வரம் வெவ்வேறு கம்பிகளில் மாறிமாறி ஒலிக்கும் இடம் உண்டு. சுருதி ஒன்றாயினும் நாதம் ஒன்றல்ல என்பதை இவ்வளவு தெளிவாகக் காட்டும் பாடத்தை வேறெங்கும் நான் கண்டதில்லை.

இது தொடக்க நூல் அன்று. விளக்கவுரையோ படிப்படியான ஒழுங்கோ இதில் இல்லை. இத்தாலியக் கிற்றார் கலைஞர் கார்காஸியின் 60ஆம் ஓபஸில் (படைப்பு எண்) உள்ள 25 பாடங்களை முடிக்காதவர் இதைத் தொட்டால், மணிக்கட்டில் வலிதான் மிஞ்சும். உருக்குக் கம்பிக் கிற்றாரில் இவற்றைப் பழகுவதும் வீண். நைலோன் கம்பியும் அகன்ற கழுத்தும் அவசியம்.

மாக்ஸ் எஷிக் பதிப்பகம் 1953இல் வெளியிட்ட பதிப்பில் அச்சுப் பிழைகள் உள்ளன. அதைவிட, கையெழுத்துப் பிரதிகளோடு ஒப்புநோக்கி பிரெடெரிக் சிகாந்தே பதிப்பித்த 2011ஆம் ஆண்டுப் பதிப்பே மேலானது. பழைய பதிப்பின் நகலை யாரேனும் இலவசமாகத் தந்தாலும், ஆசிரியர் அருகில் இல்லாமல் தனியாகப் பயில்வோர் புதியதையே காசு கொடுத்து வாங்குவது நல்லது.